நில உடைமை வழக்குகளில் இடைக்கால நீதிமன்றப் பாதுகாப்பு: கடலூர் மாவட்டச் சூழலை முன்வைத்து ஒரு விளக்கம்

ஆய்வுச் சுருக்கம்

நிலத்தின் உரிமை யாருக்கு என்பது முடிவாகும்வரை அந்நிலம் யார் கையில் இருக்கவேண்டும் என்பதை உரிமையியல் நீதிமன்றம் இடைக்கால ஆணைகளின் வழியே ஒழுங்குபடுத்துகிறது. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, கட்டளை 39 இதற்கு அடிப்படை. இவ்வாணைகள் எந்தச் சான்றுகளின்மேல் எழுகின்றன, எத்தனை காலம் நிற்கின்றன, பயிர் நிற்கும் நிலத்தில் அவை எவ்வாறு செயல்படுகின்றன என்பவற்றைக் கடலூர் மாவட்ட வேளாண் சூழலையும், 2023ஆம் ஆண்டு வளையமாதேவியில் எழுந்த சிக்கலையும் கொண்டு இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: சுவாதீனம், தற்காலிக உறுத்துக்கட்டளை, நிலைபெற்ற உடைமை, அடங்கல், பட்டா, வளையமாதேவி.

உடைமையும் உரிமையும்

தமிழ்நாட்டுக் கிரயப் பத்திரங்களில் நிலத்தை வாங்குபவர் அதனைச் சர்வ சுதந்திர பாத்தியங்களுடன் ஆண்டனுபவித்துக்கொள்ள வேண்டியது என்னும் பொருளில் ஒரு தொடர் தவறாமல் இடம்பெறும். இத்தொடரில் இரண்டு கருத்துகள் ஒட்டி நிற்கின்றன. பாத்தியம் என்பது உரிமை. ஆண்டு அனுபவித்தல் என்பது உடைமை, அதாவது நீதிமன்ற வழக்கில் சுவாதீனம் அல்லது அனுபோகம் எனப்படுவது. பத்திரம் எழுதும்போது இரண்டும் ஒருவரிடமே இருப்பதாகக் கொள்ளப்படுகிறது. வழக்கு தோன்றும் இடமோ இவ்விரண்டும் பிரிந்துவிட்ட இடம். ஒருவர் கையில் பத்திரம் இருக்கிறது; மற்றொருவர் ஏர் பூட்டி உழுதுகொண்டிருக்கிறார்.

உரிமையைத் தீர்மானிக்க முழு விசாரணை வேண்டும். சாட்சிகளை விசாரிக்கவும், குறுக்கு விசாரணை செய்யவும், மூல ஆவணங்களைக் குறியிடவும், மேல்முறையீடுகளைக் கடக்கவும் ஆண்டுகள் ஆகும். அதுவரை நிலம் சும்மா கிடக்காது. எவரேனும் ஒருவர் நாற்று விடுவார், வேலி போடுவார், சுவர் எழுப்புவார், மரம் வெட்டுவார். இந்த இடைவெளியை நிரப்புவதற்கே இடைக்காலப் பாதுகாப்பு என்னும் ஏற்பாடு தோன்றியது. இது உரிமையைத் தீர்மானிப்பதில்லை என்பது கோட்பாடு. ஆயினும் பல வழக்குகளில் இறுதித் தீர்ப்பைவிட இடைக்கால ஆணையே தரப்பினரின் வாழ்வை முடிவுசெய்துவிடுகிறது என்பது நடைமுறை.

இவ்வேறுபாடு தமிழ் மரபுக்குப் புதியதன்று. சேக்கிழார் பெரியபுராணத்தில் திருவெண்ணெய்நல்லூர் அவையில் நடந்ததாகக் காட்டும் வழக்கு நிலத்தைப் பற்றியதன்று, ஆளுரிமையைப் பற்றியது. எனினும் அங்குச் சான்றுகள் மூவகையாகப் பகுக்கப்படுகின்றன: நெடுங்காலமாக நடந்துவரும் ஆட்சி, எழுத்தாகிய ஆவணம், அயலாரின் நேரடிக் காட்சி. இன்றைய நில வழக்கிலும் சான்றுகள் ஏறத்தாழ இம்மூன்றனுள் அடங்கும். வேறுபாடு எங்கே எனில், இடைக்கால நிலையில் மூன்றாவது சான்றுக்கு ஏறக்குறைய இடமே இல்லை. அண்டை நிலத்துக்காரர் கூண்டேறிச் சொல்வதும் அவரைக் குறுக்கு விசாரணை செய்வதும் விசாரணைக் கட்டத்திற்கு உரியவை. தற்காலிக உறுத்துக்கட்டளை கோரும் இடைமனு, பிரமாணப் பத்திரத்தையும் அதனுடன் இணைத்த தாள்களையும் கொண்டே முடிவு செய்யப்படுகிறது. ஆட்சி என்பதையும் தாள் வழியாகவே காட்டவேண்டிய கட்டாயம் இங்கு எழுகிறது.

தாள்கள் சொல்வதும் சொல்லாததும்

கடலூர் மாவட்டம் 1993ஆம் ஆண்டில் பழைய தென்னார்க்காடு மாவட்டத்திலிருந்து பிரிந்து உருவானது. அதற்கு முன்னர் நெடுங்காலம் தென்னார்க்காடு முழுமைக்கும் தலைமையிடமாக இருந்தது கடலூர். மாவட்ட நிர்வாகத்தின் பழைய மையம் அந்நகரின் மஞ்சக்குப்பம். மாவட்டத்தின் வடபகுதியில் நகர மனைகளும் கடலோர நிலங்களும், மேற்கில் மானாவாரி நிலங்களும் நெய்வேலிச் சுரங்கப் பரப்பும், தெற்கில் சிதம்பரம், காட்டுமன்னார்கோயில் வட்டங்களின் காவிரிக் கடைமடைப் பாசன வயல்களும் அமைந்துள்ளன. உடைமைச் சிக்கலின் தன்மை இப்பகுதிகள்தோறும் மாறுகிறது. மனையில் சிக்கல் எல்லையைப் பற்றியது. கடைமடையில் குத்தகையைப் பற்றியது. சுரங்கத்தை ஒட்டிய ஊர்களில் நில எடுப்பைப் பற்றியது.

உறுத்துக்கட்டளை மனுவுடன் வழக்கமாகத் தாக்கல் செய்யப்படுபவை பட்டா, சிட்டா, அடங்கல், கிஸ்தி ரசீது, புலப்படம், கிரயப் பத்திரம், வில்லங்கச் சான்று, மின் இணைப்பு அட்டை ஆகியன. இவற்றுள் பட்டா உரிமை ஆவணம் அன்று என்பதை நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பக் கூறியுள்ளன. தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் 1983கூட, பட்டாப் பதிவால் பாதிக்கப்பட்டவர் தம் உரிமையை விளம்புகை செய்யக் கோரி உரிமையியல் நீதிமன்றத்தை அணுகலாம் என்ற வழியைத் திறந்தே வைத்துள்ளது. ஆயினும் இடைக்கால நிலையில் முதலில் புரட்டப்படுவது பட்டாதான்.

இதில் ஓர் இடர் உண்டு. 1979இல் தொடங்கி 1980களில் நடந்தேறிய நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது பழைய கைப்பற்றுப் பதிவுகள் புதிய பட்டாக்களாக மாற்றப்பட்டன. அப்போது பெயர் மாறியும், உட்பிரிவு விடுபட்டும், கூட்டுப் பங்காளிகளுள் ஒருவர் பெயர் மட்டும் ஏறியும் நேர்ந்த பிழைகள் இன்றுவரை வழக்குகளாகத் தொடர்கின்றன. யூடிஆர் தவறு என்றே கிராமங்களில் இது பேசப்படுகிறது. அத்தகைய பட்டாவை வைத்து ஒருவர் உறுத்துக்கட்டளை கோரும்போது, தாள் அவர் பக்கமும் வயல் மற்றவர் பக்கமும் நிற்கும்.

உடைமையை நேரடியாகச் சொல்லவேண்டிய பதிவு அடங்கல். கிராம நிர்வாக அலுவலர் பேணும் இரண்டாம் எண் கிராமக் கணக்காகிய இதில் ஒவ்வொரு புல எண்ணிலும் ஒவ்வொரு பசலியிலும் என்ன பயிர் நின்றது என்பது பதியப்படுகிறது. பசலி ஆண்டு ஜூலை 1இல் தொடங்கி ஜூன் 30இல் முடிவது. அலுவலர் வயலுக்குச் சென்று பார்த்து எழுதினால் இதைவிடச் சிறந்த உடைமைச் சான்று இல்லை. பட்டாதாரர் பெயரையே பயிரிடுபவர் என்று படியெடுத்து எழுதினால் அடங்கல் பட்டாவின் நிழலாகிவிடுகிறது. வாய்மொழிக் குத்தகை பெருவழக்காக உள்ள பகுதிகளில் குத்தகைதாரர் பெயர் எந்தத் தாளிலும் ஏறாமல் போவது இதன் விளைவு. தமிழ்நாடு சாகுபடி குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் 1955, அவரை வெளியேற்றுவதைக் கட்டுப்படுத்துகிறது; குத்தகை உரிமைப் பதிவுக்கென 1969ஆம் ஆண்டுச் சட்டம் தனியே உண்டு; பதிவு அலுவலர் முடிவுசெய்ய வேண்டியவற்றில் உரிமையியல் நீதிமன்றத்திற்கு அதிகாரம் இல்லை என்றும் அச்சட்டம் கூறுகிறது. ஆதலால் குத்தகையைப் பதிவு செய்யாத ஒருவர் உரிமையியல் நீதிமன்றத்தில் உறுத்துக்கட்டளை கேட்கும்போது, தம்மை யார் என்று சொல்லிக்கொள்வது என்பதே அவருக்கு முதற் சிக்கலாகிறது.

மூன்று அளவுகோல்கள்

தற்காலிக உறுத்துக்கட்டளை வழங்க மூன்று கூறுகள் ஒருங்கே அமையவேண்டும். முதல்நோக்கில் வழக்கு இருத்தல், சாதக பாதகச் சமநிலை மனுதாரர் பக்கம் சாய்தல், ஆணை மறுக்கப்பட்டால் ஈடுசெய்ய இயலாத இழப்பு நேர்தல் என்பன அவை. தல்பத் குமார் எதிர் பிரகலாத் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இவற்றைத் தெளிவாக வரையறுத்தது. முதல்நோக்கு வழக்கு என்பது முதல்நோக்கு உரிமை அன்று. விசாரணைக்குரிய மெய்யான வினா ஒன்று உள்ளது என்று காட்டினால் போதும் என்பது அத்தீர்ப்பின் சாரம்.

இம்மூன்றும் பாடநூல்களில் நிகரானவையாகத் தோன்றினும், நில வழக்கில் எடை சமமாக விழுவதில்லை. உடைமை யாரிடம் என்ற வினாவுக்கு விடை கிடைத்துவிட்டால் ஏனைய இரண்டும் பெரும்பாலும் அதனைப் பின்தொடர்கின்றன. எனவே உடைமை என்றால் என்ன என்பதே அடிப்படைச் சிக்கல்.

இதற்கு உச்ச நீதிமன்றம் தந்த விடைகளுள் முதன்மையானது நிலைபெற்ற உடைமை என்னும் கருத்து. ராமே கவுடா எதிர் எம். வரதப்ப நாயுடு வழக்கு அண்டை நிலத்தார் இருவருக்கிடையே எழுந்தது. வாதி தம் உரிமையை ஐயமற மெய்ப்பிக்கவில்லை; ஆயினும் நிலம் அவர் கையில் இருந்தது. அமைதியான, நிலைபெற்ற உடைமையில் உள்ளவரை, மெய்யான உரிமையாளரும் சட்டவழியின்றி வெளியேற்ற இயலாது என்று அத்தீர்ப்பு நிலைநாட்டியது. ஒருநாள் இரவில் நுழைந்து கொட்டகை போட்டவர் நிலைபெற்ற உடைமையர் ஆகமாட்டார். உரிமையாளர் உடனே அவரை அகற்றலாம். உரிமையாளர் அறிந்தும் வாளாவிருந்து, காலம் கடந்து, அவர் அங்கேயே வேரூன்றிவிட்டால் நிலை மாறுகிறது.

வேரூன்றியதை எவ்வாறு அறிவது? இதற்கு 1975ஆம் ஆண்டின் பூரண் சிங் எதிர் பஞ்சாப் மாநிலம் தீர்ப்பு ஓர் எளிய அளவுகோலைத் தருகிறது. அது குற்றவியல் வழக்கு, தற்காப்புரிமையைப் பற்றியது. உடைமை போதிய காலம் நீடித்திருக்கவேண்டும், உரிமையாளருக்குத் தெரிந்திருக்கவேண்டும், அவர் அதற்கு இணங்கியிருக்கவேண்டும் என்று கூறிய நீதிமன்றம், விளைநிலமாயின் நுழைந்தவர் பயிர் செய்துள்ளாரா என்பதையும் ஓர் அடையாளமாகக் கொண்டது. அத்துமீறி நுழைந்தவரே பயிரிட்டிருந்தாலும் அப்பயிரை அழித்து நிலத்தைப் பற்றிக்கொள்ள உரிமையாளருக்கு உரிமை இல்லை என்பது அதன் முடிவு. தாள் வழியே மட்டும் உடைமையைத் தேடும் நடைமுறைக்கு நடுவில் மண்ணில் நிற்கும் பயிரையே சான்றாக ஏற்ற கருத்து இது.

மறுபக்கம் வரம்புகளும் உள்ளன. மரியா மார்கரிடா வழக்கில் 2012இல், பிறர் வீட்டைப் பார்த்துக்கொள்வதற்காகத் தங்கியிருப்பவரின் இருப்பு உடைமை ஆகாது, அவர் உரிமையாளருக்காகவே இருக்கிறார் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அனத்துலா சுதாகர் எதிர் பி. புச்சி ரெட்டி வழக்கில் 2008இல், வாதியின் உரிமைமீதே மெய்யான ஐயம் படிந்திருந்தால் வெறும் உறுத்துக்கட்டளை கேட்டால் போதாது, உரிமை விளம்புகையும் கேட்கவேண்டும் என்று தெளிவுபடுத்தியது. உடைமை ஏற்கெனவே பறிபோயிருந்தால் உடைமை மீட்பே பரிகாரம். தமிழ்நாட்டில் உறுத்துக்கட்டளை வழக்குகள் பல இறுதியில் தள்ளுபடியாவதற்கு இவ்வடிவப் பிழையே காரணமாகிறது. நிலம் போனபின்னும் நிலம் தம்மிடம் இருப்பதாகவே வழக்குரை எழுதும் பழக்கம் அதற்குத் துணை.

வெளியேற்றப்பட்டவருக்குத் தனியே ஒரு விரைவு வழி உண்டு. குறித்த பரிகாரச் சட்டம் 1963, பிரிவு 6இன்படி, சட்டவழியின்றி வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதத்திற்குள் வழக்கிட்டால், உரிமையைப் பற்றிய வினாவுக்கே போகாமல் உடைமையை மீட்கலாம். அரசுக்கு எதிராக இவ்வழி இல்லை. இப்பிரிவு வழக்கறிஞர்களாலேயே போதிய அளவு பயன்படுத்தப்படுவதில்லை எனலாம்; ஆறு மாதம் என்பது காவல் நிலையத்திற்கும் வட்டாட்சியர் அலுவலகத்திற்கும் அலைவதிலேயே கழிந்துவிடுகிறது.

முன்னறிவிப்பு இல்லாத ஆணையும் முப்பது நாளும்

கட்டளை 39, விதி 3இன்படி எதிர்மனுதாரருக்கு அறிவிப்பு அனுப்பியபின்னரே உறுத்துக்கட்டளை வழங்கவேண்டும். தாமதத்தால் நோக்கமே கெட்டுவிடும் என்று தோன்றினால் மட்டும், அக்காரணத்தை எழுத்தில் பதிந்து, ஒருதலைபட்சமாக ஆணை வழங்கலாம். ஷிவ் குமார் சட்டா எதிர் டெல்லி மாநகராட்சி வழக்கில் 1993இல் உச்ச நீதிமன்றம், காரணம் பதிவது சடங்கு அன்று, கட்டாயம் என்றது. ஆணை பெற்றவர் மனு, பிரமாணப் பத்திரம், வழக்குரை, ஆவணங்கள் ஆகியவற்றின் படிகளை உடனே எதிர்த்தரப்புக்குச் சேர்ப்பிக்கவோ பதிவஞ்சலில் அனுப்பவோ வேண்டும். அன்றோ மறுநாளோ அதற்குப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்யவேண்டும். 1976ஆம் ஆண்டுத் திருத்தம் கொண்டுவந்த விதி 3அ, இத்தகைய ஆணை வழங்கப்பட்ட நாளிலிருந்து 30 நாளுக்குள் மனுவை முடிக்க நீதிமன்றம் முயலவேண்டும், இயலாவிடில் காரணம் பதியவேண்டும் என்கிறது.

முப்பது நாள் கடந்தால் ஆணை தானே மறைந்துவிடுமா? மறையாது. அவ்வாறாயின் பாதிக்கப்பட்டவருக்கு என்ன வழி என்ற வினா தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே தெளிவுபெற்றது. ஏ. வெங்கடசுப்பையா நாயுடு எதிர் எஸ். செல்லப்பன் வழக்கில் 2000ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம், ஒருதலைபட்ச ஆணைக்கு ஆளானவர் அதனை வழங்கிய நீதிமன்றத்திலேயே நீக்கக் கோரலாம், அல்லது மேல்முறையீடு செய்யலாம் என்றும், 30 நாள் கடந்தும் மனு முடிக்கப்படாவிடில் அந்நிலையிலேயே அவருக்கு மேல்முறையீட்டு உரிமை எழுகிறது என்றும் கூறியது. நீதிமன்றத்தின் செயலின்மையால் ஒருவர் பரிகாரமின்றி நிற்கக்கூடாது என்பது அதன் உட்கருத்து.

ஒருதலைபட்ச ஆணையை எதிர்பார்க்கும் ஒருவர் முன்கூட்டியே கேவியட் மனு தாக்கல் செய்யலாம். பிரிவு 148அ தரும் இப்பாதுகாப்பு 90 நாள் நிற்கும். வழக்கு வரும் என்று தெரிந்தவருக்கே இது பயன்படும் என்பதால், ஊரில் நிலம் வைத்து வெளியூரில் வாழ்பவர் பெரும்பாலும் இதனைத் தவறவிடுகிறார்.

முப்பது நாளின் பொருள் மனைக்கும் வயலுக்கும் ஒன்றன்று. குறுவை நெல்லின் வயது ஏறக்குறைய 105 முதல் 120 நாள். நடவு முடிந்த நிலையில் ஒருவர்மீது ஒருதலைபட்ச ஆணை பாய்ந்தால், அறிவிப்பு சேர்ந்து, எதிருரை தாக்கலாகி, வாதம் கேட்கப்படும்போது கதிர் முற்றியிருக்கும். அறுப்பவர் யார் என்ற வினாவுக்கு ஒரு வாய்தாவில் விடை கிடைக்காவிட்டால் பயிரே விடை சொல்லிவிடும். அதனாலேயே ஒருதலைபட்ச ஆணையில் பயிரின் நிலையைப் பற்றி ஒரு வரியேனும் இருப்பது இன்றியமையாதது. அறுவடையை மட்டும் அனுமதித்து விளைச்சலுக்குக் கணக்குக் காட்டச் சொல்வதும், நெல்லை விற்ற தொகையை நீதிமன்றத்தில் செலுத்தச் சொல்வதும் சட்டம் தடுக்காத வழிகளே.

"தற்போதைய நிலை" என்னும் தொடர்

இடைக்கால ஆணைகளுள் மிகுதியாக வழங்கப்படுவதும் மிகுதியாகப் பூசலை வளர்ப்பதும், இருதரப்பும் தற்போதைய நிலையைத் தொடரவேண்டும் என்னும் ஆணை. நீதிமன்றத்திற்கு இது நடுநிலையாகத் தோன்றும். அந்நிலை எது என்று ஆணையில் இராது. ஆணையின் படியை எடுத்துக்கொண்டு இருதரப்பும் ஒரே காவல் நிலையத்திற்குச் சென்று, நிலம் தம்மிடம் இருப்பதே தற்போதைய நிலை என்று இருவரும் சொல்லும் காட்சி அரிதன்று. அங்கே உதவி ஆய்வாளர் உரிமையியல் நீதிபதியின் வேலையைச் செய்யவேண்டியதாகிறது. கிஷோர் குமார் கைத்தான் எதிர் பிரவீண் குமார் சிங் வழக்கில் 2006இல் உச்ச நீதிமன்றம், நிலை எது என்று குறிக்காமல் இவ்வாறு ஒருதலைபட்சமாக ஆணையிடுவது பொருத்தமன்று என்று கண்டித்தது.

இக்குறையை வழக்கறிஞர் ஆணையர் நியமனம் ஓரளவு நீக்கும். கட்டளை 26, விதி 9இன்கீழ் அமர்த்தப்படும் அவர் நில அளவரின் உதவியுடன் அளந்து, வரப்பு, கிணறு, வேலி, கட்டடம், நிற்கும் பயிர் ஆகியவற்றைக் குறித்து அறிக்கையும் வரைபடமும் தருவார். ஆனால் உடைமை யாரிடம் என்று கண்டறிய அவரை அனுப்பமுடியாது. அது சான்று திரட்டுவதாகும் என்பது சென்னை உயர் நீதிமன்றம் தொடர்ந்து கடைப்பிடிக்கும் நிலைப்பாடு. பயிர் நிற்கிறது என்று அவர் எழுதலாம். யார் நட்டது என்று எழுதக்கூடாது. அயலாரின் காட்சிக்கு மிக அருகில் வந்து, அதைத் தொடாமல் நின்றுவிடும் ஏற்பாடு இது.

ஆணையை மீறியவருக்கு விதி 2அ சொத்து முடக்கத்தையும், மூன்று மாதத்திற்கு மிகாத உரிமையியல் சிறையையும் விதிக்கிறது. ஆணையை மீறி நிலம் பறிக்கப்பட்டால் பிரிவு 151இன் உள்ளார்ந்த அதிகாரத்தால் பழைய நிலையை மீட்கச் செய்யலாம். போதிய காரணமின்றி உறுத்துக்கட்டளை பெற்று மற்றவருக்கு இழப்பு ஏற்படுத்தியவரிடமிருந்து பிரிவு 95இன்கீழ் 50,000 ரூபாய் வரை ஈடு பெறலாம். ஒரு போகத்தை இழந்தவருக்கு அத்தொகை ஆறுதலாகலாம். ஆனால் இப்பிரிவை நாடுவோர் மிகச் சிலரே.

நிர்வாக நடுவர் முன் நடப்பது

உடைமைச் சிக்கல் கைகலப்பாக மாறும் என்ற அச்சம் எழும்போது அது கோட்டாட்சியர் அல்லது சார் ஆட்சியரிடம் செல்கிறது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145, 146 ஆகிய பிரிவுகள் 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164, 165 ஆகிய பிரிவுகளாக உள்ளன. இங்கும் உரிமை ஆராயப்படுவதில்லை. முதனிலை ஆணை பிறந்த நாளில் உடைமை யாரிடம் என்பதே வினா. அதற்குமுன் இரண்டு மாதத்திற்குள் வன்முறையால் வெளியேற்றப்பட்டவர் இருப்பின் அவரே உடைமையில் இருப்பதாகக் கொள்ளப்படுவார். எவர் உடைமை என்று தெளியாவிடில் நிலம் பற்றுகை செய்யப்படும். ராம் சுமேர் புரி மகந்த் வழக்கில் 1985இல் உச்ச நீதிமன்றம், உரிமையியல் நீதிமன்றத்தில் உடைமை பற்றிய வழக்கு நடக்கும்போது இணையாக இந்நடவடிக்கை தொடரத் தேவையில்லை என்றது. இருப்பினும் மக்கள் முதலில் செல்வது இங்கேதான். வழக்குச் செலவு குறைவு, காவல் துறையின் அறிக்கையே தொடக்கமாக அமைகிறது.

பயிர் நின்ற நிலம்: வளையமாதேவி, 2023

மேற்கண்ட கோட்பாடுகள் பெரும்பாலும் தனியார் இருவருக்கிடையேயான வழக்குகளில் உருவானவை. எதிரே நிற்பது நில எடுப்பின்வழி உரிமை பெற்ற நிறுவனமாயின் என்ன ஆகும் என்பதைக் கடலூர் மாவட்டம் 2023இல் கண்டது.

நெய்வேலி என்எல்சி இந்தியா நிறுவனம் தன் இரண்டாம் சுரங்க விரிவாக்கத்திற்காகப் பரவனாற்றுக்கு மாற்றுக் கால்வாய் வெட்டவேண்டியிருந்தது. சேத்தியாத்தோப்பை அடுத்த வளையமாதேவியில் அதற்குரிய நிலங்கள் பல ஆண்டுகளுக்கு முன்பே எடுக்கப்பட்டவை. நிறுவனம் உடனே பயன்படுத்தாததால் பழைய உரிமையாளர்களே தொடர்ந்து பயிரிட்டு வந்தனர். 2023 ஜூலை 26 அன்று நெற்பயிர் நின்ற வயல்களில் மண் அள்ளும் இயந்திரங்கள் இறங்கின. பயிரின்மேல் இயந்திரங்கள் ஊர்ந்த காட்சிகள் மாநிலம் முழுவதும் அதிர்வை உண்டாக்கின. இரு நாளில் நெய்வேலியில் நடந்த போராட்டம் வன்முறையாக மாறியது. சிக்கல் சென்னை உயர் நீதிமன்றத்திற்கு ரிட் மனுவாகச் சென்றது.

நிறுவனத்தின் தரப்பு எளிதில் ஒதுக்கத்தக்கதன்று. நிலம் சட்டப்படி எடுக்கப்பட்டது, இழப்பீடு வழங்கப்பட்டது, பயிரிடவேண்டாம் என்று முன்பே அறிவுறுத்தப்பட்டது, கால்வாய் இன்றேல் மழைக்காலத்தில் சுரங்கமும் மின்னுற்பத்தியும் பாதிக்கப்படும் என்பன அதன் வாதங்கள். சட்டமும் அதன் பக்கம் வலுவாகவே நின்றது. இந்தூர் வளர்ச்சிக் குழுமம் எதிர் மனோகர்லால் வழக்கில் 2020 மார்ச்சில் அரசமைப்பு ஆயம், எடுக்கப்பட்ட நிலத்தின் உடைமையை மகஜர் எழுதி ஏற்றாலே போதும், அதன்பின் நிலம் அரசிடம் முழுமையாகச் சேர்ந்துவிடும், பிறகும் அங்கிருப்பவர் அத்துமீறியவரே என்று அறுதியிட்டிருந்தது. திறந்த வெளி நிலத்தில் உடைமை மாறுவதற்கு ஒரு தாள் போதும் என்பது இதன் பொருள். உள்கட்டமைப்புத் திட்டங்களைத் தடுக்கும் உறுத்துக்கட்டளைகளுக்கு எதிராகக் குறித்த பரிகாரச் சட்டத்தின் பிரிவு 41இல் 2018ஆம் ஆண்டுத் திருத்தம் சேர்த்த கூறும் உண்டு. உழவர் பக்கத்தில், எடுக்கப்பட்டபின் ஐந்தாண்டுகள் பயன்படுத்தாத நிலத்தைத் திரும்ப அளிப்பது பற்றிய 2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் பிரிவு 101 பேசப்பட்டது. அது நிலத்தை முன்னாள் உரிமையாளருக்கோ அரசின் நில வங்கிக்கோ அளிக்கலாம் என்கிறது. ஆகவே அதுவும் உறுதியான பிடி அன்று.

இந்நிலையில் நீதிபதி எம். தண்டபாணி 2023 ஆகஸ்டில் பிறப்பித்த உத்தரவு கூர்ந்து நோக்கத்தக்கது. அழிக்கப்பட்ட பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் வீதம் ஆகஸ்ட் 6க்குள் நிறுவனம் வழங்கவேண்டும். எஞ்சிய பயிரைச் செப்டம்பர் 15க்குள் அறுத்துக்கொண்டு உழவர்கள் நிலத்தை ஒப்படைக்கவேண்டும் என்பது அதன் மையம். விசாரணையின்போது, அறுவடைவரை இரண்டு மாதம் பொறுத்திருக்கக்கூடாதா என்ற வேதனையை நீதிபதி வெளிப்படையாகவே தெரிவித்திருந்தார்.

மூன்று அளவுகோல்களை இயந்திரகதியில் பொருத்தியிருந்தால் இவ்விளைவு கிட்டியிராது. முதல்நோக்கு உரிமை நிறுவனத்திடம் இருந்தது. மகஜரின்படி உடைமையும் அதனிடமே. அளவுகோல்களின்படி பாதுகாப்பு மறுக்கப்பட்டிருக்கவேண்டும். முழுப் பாதுகாப்பு வழங்கியிருந்தால், அரசமைப்பு ஆயத்தின் முடிவுக்கு அது முரணாகியிருக்கும். உத்தரவு நிலத்தையும் பயிரையும் பிரித்து நோக்கியது. நிலம் யாருடையது என்பதில் கைவைக்காமல், பயிர் யாருடையது என்பதற்கு மட்டும் காலவரையறையுடன் பாதுகாப்பளித்தது. பயிரிட்டவர் அத்துமீறியவரே ஆயினும் அவர் பயிரை உரிமையாளர் அழிக்கக்கூடாது என்ற பூரண் சிங் வழக்கின் கருத்துக்கும், மகஜரோடு உடைமை மாறிவிட்டது என்ற இந்தூர் வழக்கின் முடிவுக்கும் நடுவே நடைமுறைக்கு ஏற்ற ஒரே வழி அதுவாக இருந்தது எனலாம்.

இதில் திறனாய்வுக்கும் இடமுண்டு. ஏக்கருக்கு ஒரே வீதத் தொகை, சொந்தமாக உழுதவருக்கும் குத்தகைக்கு உழுதவருக்கும் இடையே யார் பெறுவது என்ற வினாவைத் தீர்க்கவில்லை; அடங்கலில் பெயர் இல்லாதவர் இங்கும் பின்தங்குவார். பயிர் அழிந்தபின் வந்த பாதுகாப்பு என்பதும் மறுக்கவியலாதது. எடுக்கப்பட்ட நிலத்தில் ஆண்டுக்கணக்கில் பயிரிட விட்டுவிட்டு ஒரு நாளில் இறங்குவது, உரிமையாளர் அறிந்தும் வாளாவிருத்தல் என்னும் பழைய கருத்துக்குள் எந்த அளவுக்கு அடங்கும் என்ற வினாவும் ஆராயப்படாமலே நிற்கிறது.

எனினும் ஒன்று கவனத்திற்குரியது. கட்டளை 39 தரும் 30 நாள், கேவியட்டின் 90 நாள், பிரிவு 6இன் ஆறு மாதம், நிர்வாக நடுவர் முன்னுள்ள இரண்டு மாதம் ஆகிய எல்லாக் காலவரையறைகளும் நீதிமன்றத்தின் நாட்காட்டியைச் சார்ந்தவை. செப்டம்பர் 15 என்பது வயலின் நாட்காட்டியிலிருந்து எடுக்கப்பட்டது. கடைமடை வட்டங்களின் உரிமையியல் நீதிமன்றங்களில் நடவுக்கும் அறுவடைக்கும் இடையே தாக்கலாகும் இடைமனுக்களில், ஆணை எத்தனை நாள் நிற்கும் என்பதோடு அறுவடை எந்த நாளுக்குள், யார் கையால், யார் கணக்கில் என்பதையும் எழுதுவதற்குக் கட்டளை 39இல் எத்தடையும் இல்லை.